மணிக்காரனின் ஐந்தாவது அடி

மார்ச் 3, செவ்வாய்

இன்று ஆபரேஷன் தியேட்டரில் ஒரு பித்தப்பை, இரண்டு குடலிறக்கம். மூன்றிலும் வயிற்றை மூடும் முன் உள்ளே வைத்த துணிகளின் எண்ணிக்கை சரி. மூன்றரைக்கே வீடு வந்துவிட்டேன். வாசலில் செருப்பைக் கழற்றும்போது உள்ளேயிருந்து ஒரு சத்தம்: "செத்துத் தொலைடா, தடிமாடு!"

யாரோ புகுந்துவிட்டார்கள் என்று குடையை ஓங்கிக்கொண்டு போனேன். பார்த்தால் என் மருமகள்! நான்கு வருடமாக இந்த வீட்டில் வாயைப் பொத்திக்கொண்டு தும்முகிற பெண். தரையில் சம்மணம் போட்டு, என் மகனுடைய வீடியோ கேம் கருவியை இரண்டு கையாலும் இறுக்கிப் பிடித்திருந்தாள். திரையில் மூன்று மாடி உயரத்துக்கு ஒரு பிசாசு, சங்கிலியில் கட்டிய வெண்கல மணியைச் சுழற்றிக்கொண்டிருந்தது. அதன் காலடியில் சுண்டுவிரல் அளவில் வாள் பிடித்த ஒருத்தி. மணி ஒரே முறை விழுந்தது. திரை கறுத்துவிட்டது.

"மன்னிச்சுக்குங்க அத்தை. நாலு மணிக்குத்தான் வருவீங்கன்னு நெனச்சேன்" என்று எழுந்து நின்றாள்.

அப்படியென்றால் இது தினமும் நடக்கிறது! இந்தப் பூனையும் பால் குடிக்குமா என்று நம்பிக்கொண்டிருந்தேனே.

மார்ச் 4, புதன்

இன்றும் சொல்லாமல் சீக்கிரமே வந்து, கதவிடுக்கில் நின்று எண்ணினேன். ஒன்றரை மணி நேரத்தில் பதினேழு சாவு. எங்கள் ஆஸ்பத்திரியில் ஒரு வருடத்துக்கு அத்தனை கிடையாது.

மார்ச் 6, வெள்ளி

கேட்டே விட்டேன். "ஒளிஞ்சு விளையாட இது என்ன கொலைக்குத்தமா? உக்காரு, நானும் பாக்குறேன்."

முதலில் நம்பவில்லை. பிறகு வாய் திறந்தவள் மூடவே இல்லை. பிசாசின் பெயர் மணிக்காரனாம். விளையாட்டின் கடைசிக் காவல் அவன்தானாம், அவனைத் தாண்டினால் கோட்டைக் கதவு திறந்து எல்லாம் முடிந்துவிடுமாம். செத்துச் செத்துத்தான் படிக்க வேண்டுமாம். உயிர் ஏற ஒரு குடுவை மருந்து, அதில் நான்கு மிடறுதான்.

"இதுல முதல் விதியே பேராசைப்படக் கூடாதுங்கறதுதான், அத்தை. ரெண்டு வெட்டு வெட்டினா ஓடிடணும். மூணாவது வெட்டுக்கு ஆசைப்பட்டா அவ்வளவுதான்."

அவளுடைய திட்டம் இது: வாளுக்கு வலு ஏற்ற வேண்டும். அதற்காக இரண்டு வாரமாக ஏதோ கருந்தாது பொறுக்கிச் சேர்த்திருக்கிறாள். கோட்டைக்கு வெளியே ஒரு கொல்லர் இருக்கிறார், அவரால்தான் அதைச் செய்ய முடியும். வெள்ளைத் தாடி, சாதுவான முகம். அவர் முன்னால் போய் நிற்கும்போது வாசல் மணி அடித்தது. "சும்மா நடந்து பாருங்க அத்தை" என்று கருவியை என் கையில் கொடுத்துவிட்டு அவள் எழுந்து போனாள்.

கொல்லருக்கு வணக்கம் சொல்லலாம் என்று ஒரு பொத்தானை அழுத்தினேன். வாள் அவர் தோளில் இறங்கியது. அவர் அலறினார். நிறுத்த வேண்டுமே என்ற பதற்றத்தில் அதே பொத்தானை மறுபடி, மறுபடி. மூன்றாவதில் மனிதர் சாய்ந்துவிட்டார். பட்டறையில் சுத்தியல் மட்டும் கிடந்தது.

"அத்தை... கொல்லரையா?"

"எழுந்துக்குவாருல்ல?"

"மாட்டாரு."

இதில் நடந்தது நடந்த கணமே பதிந்துவிடுமாம். திருப்பவே முடியாதாம். ஐயோ, முப்பத்தொரு வருஷமா டாக்டருங்க கையில கத்தி எடுத்துக் குடுத்தவ நான். ஒருத்தர் மேல ஒரு கீறல் போட்டதில்ல. இன்னிக்கு ஒரு அப்பாவிய மூணே வெட்டுல சாய்ச்சுட்டேன்.

மார்ச் 7, சனி

"பரவாயில்ல அத்தை" என்று இதுவரை ஐந்து முறை சொல்லிவிட்டாள். ஐந்து முறை சொன்னால் பரவாயில்லை என்று அர்த்தமே இல்லை.

வாளுக்கு இனி வலு ஏறாது. அப்படியானால் ஒவ்வொரு வெட்டும் தப்பாமல் விழ வேண்டும். எனக்குத் தெரிந்த வித்தை ஒன்றுதான். எண்ணுவது.

மார்ச் 11, புதன்

நான்கு நாளாக டிவி முன் நோட்டும் பேனாவுமாக இருக்கிறேன். அவள் சாகிறாள், நான் எழுதுகிறேன். கண்டுபிடித்தது: மணிக்காரன் கண்டபடி அடிக்கவில்லை. மூன்று அடி, ஒரு மூச்சு. மூன்று அடி, ஒரு மூச்சு. வலது தோள் இறங்கினால் மணி இடப்பக்கமாக வரும். பயந்து பின்னால் உருண்டால் சங்கிலி எட்டிப் பிடித்துவிடும். முன்னால், அவன் இடது காலுக்கு அடியில் உருள வேண்டும். அடிப்பவன் மடியில் போய் விழுவதா என்று எனக்கும் நடுக்கம்தான். ஆனால் அங்கேதான் மணி எட்டாது.

"இதெல்லாம் எனக்கும் தெரியும் அத்தை. கண்ணு பாக்குறப்ப கை பதறிடுது."

"கண்ணு பாக்கட்டும். கை என் குரலைக் கேக்கட்டும்" என்றேன். தியேட்டரில் எண்ணுகிற அதே குரலில் ஆரம்பித்தேன். ஏறாமல், இறங்காமல், ஒன்று, இரண்டு, மூன்று, இப்ப வெட்டு.

ஆறாவது முயற்சியில் அவன் மண்டியிட்டான்! நான் எழுந்து கை தட்டிவிட்டேன். அந்தப் பாவி என்ன செய்தான் தெரியுமா? மண்டியிட்டபடியே மணியைத் தரையில் மோதி உடைத்தான். உடைத்துவிட்டு வெறும் சங்கிலியோடு எழுந்தான். அவனுக்கு எவ்வளவு உயிர் பாக்கி என்று காட்டும் உயிர்க்கோடு மறுபடி முழுசாக நிரம்பிவிட்டது. இது பாதிதானாம்.

மார்ச் 13, வெள்ளி

இரண்டாம் பாதி: ஐந்து அடி. நான்கு வேகமாக வரும். ஐந்தாவதற்கு மட்டும் தாமதிப்பான். முடிந்தது என்று நினைத்து வெட்டப் போனவளைத்தான் அது கொல்கிறது. ஐந்தாவதும் விழுந்து சங்கிலி தரையில் சிக்கிக்கொண்ட பிறகுதான் மருந்தோ வெட்டோ. என்ன குள்ளநரித்தனம்! நோட்டில் அடிக்கோடு போட்டிருக்கிறேன்.

மார்ச் 15, ஞாயிறு

சும்மாத்தான் கேட்டேன். "எதுக்கும்மா இவ்வளவு வெறி?"

கருவியைக் கீழே வைத்தாள். கல்யாணத்துக்காக விட்ட கட்டடக்கலைப் படிப்பு, இன்னும் இரண்டு வருடம் பாக்கி. அந்தக் கல்லூரி அவளைத் திரும்பச் சேர்த்துக்கொள்கிறதாம். கடிதம் வந்து ஒரு மாதமாகிறது. வேறு ஊர், விடுதியில் தங்க வேண்டும், 25-ம் தேதி போய்ச் சேர வேண்டும். கப்பலில் இருக்கும் என் மகனிடம் போனில் சொல்லியிருக்கிறாள்.

"அவர் சிரிச்சாரு அத்தை. 'நீ எதையாவது முடிச்சிருக்கியா? முதல்ல என் கேமை முடிச்சுக் காட்டு, அப்புறம் காலேஜைப் பத்திப் பேசலாம்'னாரு. விளையாட்டாத்தான் சொன்னாரு. முடிச்சா போவேன். முடிக்கலேன்னா அவர் சொல்றது உண்மைதான்னு பேசாம இருந்துடுவேன்."

"என் புள்ள அப்படியா சொன்னான்?"

"எப்பவும் சொல்றதுதானே. போன வருஷம் உங்க அண்ணன் வீட்டுல எல்லார் முன்னாலயும் சொன்னாரே. என் பொண்டாட்டி ஸ்வெட்டர் பின்னினா அதுல ஒரு கை இருக்காதுன்னு." கொஞ்சம் நிறுத்தினாள். "நீங்களும் சிரிச்சீங்க அத்தை."

கோபமாகச் சொல்லவில்லை. அதுதான் எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. ஆமா, சிரிச்சேன். கண்ணுல தண்ணி வர்ற அளவுக்குச் சிரிச்சு முந்தானையால தொடச்சுக்கிட்டேன். அப்ப இவ எங்க நின்னா? தட்டுங்களை எடுத்துக்கிட்டு இருந்தா. என் பக்கத்துலதான் நின்னா.

மார்ச் 16, திங்கள்

அவள் போனால் இந்த வீட்டில் யார்? என் வீட்டுக்காரர் போய் ஆறு வருடம். மகன் வருடத்தில் பாதிக்கு மேல் கடலில். "நீ எப்படிம்மா விட்டே?" என்று என் தலையைத்தான் உருட்டுவான். நான் வேறு உட்கார்ந்து அவளுக்கு வழி எண்ணிக் கொடுத்துக்கொண்டிருக்கிறேன்.

மார்ச் 17, செவ்வாய்

எழுதவே கை வரவில்லை. எழுதாவிட்டால் தூங்க மாட்டேன்.

மாலை ஐந்து மணி. முதல் பாதியை ஒரு மிடறுகூடச் செலவழிக்காமல் முடித்தாள். இரண்டாம் பாதியில் அவனுடைய உயிர்க்கோடு நகக்கண் அளவுக்குத் தேய்ந்துவிட்டது. இன்னும் இரண்டு வெட்டு. அவள் முகத்தைப் பார்த்தேன். இந்தப் பெண் நிஜமாகவே போய்விடுவாள் என்று அப்போதுதான் உறைத்தது.

ஒன்று. இரண்டு. மூன்று. நான்கு. சங்கிலி மேலேயே நின்றுகொண்டிருந்தது. நான் "ஐந்து" என்றேன்.

அவள் என் குரலை நம்பி முன்னால் பாய்ந்தாள். ஐந்தாவது அடி அதன் பிறகுதான் விழுந்தது.

திரை கறுத்தது. "பரவாயில்ல அத்தை" என்று சொல்லிவிட்டுத் துணி மடிக்கப் போனாள். எனக்கு வாய் தவறவில்லை. தெரிந்துதான் சொன்னேன். முப்பத்தொரு வருஷத்துல ஒரு துண்டுத் துணி தப்பா எண்ணினதில்லன்னு மார் தட்டுறவ! நானா? நானா இதைச் செஞ்சேன்?

மார்ச் 18, புதன்

தியேட்டரில் ஒரே வயிற்றுக்கு நான்கு முறை எண்ணினேன். "என்ன சிஸ்டர், உடம்பு சரியில்லையா?" என்றார் சர்ஜன். எண்ணிக்கை நான்கு முறையும் சரியாகவே இருந்தது. நான்தான் நம்பவில்லை.

மார்ச் 19, வியாழன்

சொல்லிவிட்டேன். அவள் காய் நறுக்கிக்கொண்டிருந்தாள். உட்காரக்கூட இல்லை, நின்றபடியே சொன்னேன். "அன்னிக்கு அஞ்சுன்னு வேணும்னேதான் சொன்னேன்."

கத்தி நிற்கவில்லை. "தெரியும் அத்தை."

"தெரியுமா!"

"நாலு வரைக்கும் உங்க குரல் ஒரே மாதிரி இருந்துச்சு. அஞ்சு வேற மாதிரி வந்துச்சு."

"அப்புறம் ஏன்டி கேக்கல? ஏன் கத்தல? மணிக்காரனை வையற மாதிரி என்னையும் வைய வேண்டியதுதானே!"

அப்போதுதான் கத்தியை வைத்தாள். "நீங்களாவது நான் முடிக்கணும்னு நெனக்கிறீங்கன்னு இருந்தேன். அது போச்சேன்னுதான் இருந்துச்சு. கத்தினா என்ன ஆகப்போகுது?"

செருப்பால் அடித்திருந்தால்கூடத் தாங்கியிருப்பேன். நின்ற இடத்திலேயே அழுதேன். எனக்குப் பயம், தனியா இருக்கப் பயம் என்று சின்னப்பிள்ளை மாதிரி என்னவெல்லாமோ உளறினேன். அவள் சமாதானம் சொல்லவில்லை. அடுப்பைச் சிறியதாக்கிவிட்டு என் பக்கத்தில் வந்து நின்றாள். பிறகு கேட்டாள்: "ஞாயித்துக்கிழமை உங்களுக்கு லீவுதானே? வந்து எண்ணுவீங்களா?"

இன்னுமா என் குரலைக் கேட்கப்போகிறாள்? இந்தப் பெண்ணை எனக்கு விளங்கவே இல்லை.

மார்ச் 22, ஞாயிறு

காலை பத்தேகாலுக்கு மணிக்காரன் ஒழிந்தான்.

முதல் ஆறு முறை தோற்றோம். ஏழாவதில் மருந்துக் குடுவை காலி, அவளுக்கும் ஒரு அடி தாங்குகிற உயிர்தான். நான்கு அடி விழுந்தது. சங்கிலி அந்தரத்தில் நின்றது. அவள் கை அசையவில்லை, எனக்காகக் காத்திருந்தாள். அடி விழுந்தது. "ஐந்து" என்றேன். ஒரு வெட்டு. இரண்டு வெட்டு. அவனுக்கு இன்னும் ஒரு மயிரிழை பாக்கி. முதல் விதிப்படி ஓட வேண்டும்.

அவள் ஓடவில்லை. மூன்றாவதையும் வெட்டினாள்.

அவன் சாம்பலாக உதிர்ந்தான். எங்களால் நம்பவே முடியவில்லை. அவன் மறுபடி எழுந்துவிடுவானோ என்று இரண்டு பேரும் அசையாமல் பார்த்துக்கொண்டிருந்தோம். கோட்டைக் கதவு திறந்தது. விளையாட்டைச் செய்தவர்களின் பெயர்ப் பட்டியல் ஓட ஆரம்பித்த பிறகுதான் அவள் கத்தினாள். பக்கத்து வீட்டுக்காரர் வந்து கதவைத் தட்டிவிட்டார், யாருக்கு என்ன ஆயிற்று என்று.

மார்ச் 25, புதன்

அவளை ஆறு மணி வண்டியில் ஏற்றிவிட்டு நேராக டியூட்டிக்குப் போனேன்.

ஜூன் 14, ஞாயிறு

மகன் விடுமுறையில் வந்து ஐந்து நாளாகிறது. இன்று சாயங்காலம் வரை பொறுத்துப் பார்த்தவன், கடைசியில் என் எதிரில் நாற்காலியை இழுத்துப்போட்டு உட்கார்ந்தான்.

"நான் சொன்னா கேக்க மாட்டேங்குறா. உன் பேச்சைக் கேப்பா. ஒரு வார்த்தை சொல்லும்மா, கிளம்பி வந்துடுவா. படிப்பெல்லாம் அவளுக்கு ஆகாது. எப்படியும் பாதியில விடப்போறவதானே?" என்று சொல்லிச் சிரித்தான். நானும் சிரிப்பேன் என்று என் முகத்தைப் பார்த்தான்.

அவனே அவள் எண்ணை அழுத்தி, ஸ்பீக்கரில் போட்டு என் கையில் கொடுத்தான். அந்தப் பக்கம் நாலைந்து பெண்களின் பேச்சு, பென்சில் சீவுகிற சத்தம்.

"சொல்லுங்க அத்தை. பரீட்சைக்கு வரைஞ்சுக்கிட்டு இருக்கேன். அவசரமா? நான் வரணுமா?"

அந்தக் குரலில் இருந்த பயம் எனக்குக் கேட்டது. வா என்று சொன்னால் வந்துவிடுவாள், அதுவும் தெரிந்தது. அவன் தலையை ஆட்டி ஆட்டிச் சைகை காட்டினான்.

"வராதேம்மா" என்றேன். "யார் கூப்பிட்டாலும் வராதே. நானே கூப்பிட்டாலும் வராதே. முடிச்சுட்டு வா."

போனை அவனிடமே திருப்பிக் கொடுத்தேன். முப்பத்து மூன்று வருடத்தில் நான் அவனுக்கு எதையும் இல்லை என்று சொன்னதில்லை.

சாப்பிடாமல் போய்ப் படுத்துவிட்டான். நான் சாப்பிட்டேன்.