கசங்கி வந்த இரண்டு கழுத்துப்பட்டைகள்

அன்புள்ள பெரியவனுக்கு அம்மா எழுதுவது. இங்கே நான், உன் அப்பா, தங்கச்சி, இஸ்திரிப் பெட்டி நான்கு பேரும் சுகம். உன் சுகத்தையும் ஒரு வரி எழுது. குளிருக்கு மூன்று சட்டை போடுகிறேன் என்றாயே, வெளியே தெரிகிற ஒன்றையாவது தேய்த்துப் போடு, இல்லாவிட்டால் இஸ்திரிக்காரி மகன் என்று யாரிடமும் சொல்லாதே, என் தொழில் கெட்டுவிடும்.

தீர்ப்பு வந்துவிட்டது. நீ போன் செய்தபோது தங்கச்சி பக்கத்திலேயே இருந்தாள், அதனால்தான் இந்தக் காகிதம். டாக்டர் படிப்புக்கான நுழைவுத் தேர்வில் அவள் எழுதிய இடத்தில் மட்டும் கேள்வித்தாள் நாற்பது நிமிஷம் தாமதமாக வந்ததும், அதற்கு ஈடாகக் கருணை மார்க் போட்டதும், இடம் கிடைத்த மாதிரியே நாம் குதித்ததும் உனக்குத் தெரியும். மற்ற பிள்ளைகள் இது நியாயமா என்று கோர்ட்டுக்குப் போனார்களே, அவர்களுக்கு வாதாடியது யார் தெரியுமா, கோர்ட்டு வாசலில் நம் கடைக்கு அங்கி தேய்க்கக் கொடுக்கிற வக்கீலம்மாதான். தீர்ப்பு நாள் காலையில் அவர் அங்கி என் மேஜையில் கிடக்கிறது, கையில் பெட்டி கொதிக்கிறது. ஒரு நிமிஷம் கை நின்றது, பொய் சொல்ல மாட்டேன். அப்புறம் கடைப் பெயரை நினைத்துச் சுருக்கம் இல்லாமல் தேய்த்துக் கொடுத்தேன்.

என் ஜோசியம்தான் உனக்குத் தெரியுமே, ஜெயித்த வக்கீலின் கழுத்துப்பட்டை மடித்து வரும், தோற்றவருடையது கசங்கி வரும். அன்று சாயங்காலம் இரண்டு கட்சிப் பட்டைகளும் மாடு மென்ற மாதிரி வந்தன. குழம்பிப்போய் வக்கீலம்மாவையே கேட்டேன். நீதிபதி இரண்டு பக்கமும் கிள்ளிவிட்டாராம். கருணை மார்க் கிடையாது, ஆனால் வேண்டுமென்றால் முழு நேரத்தோடு மறுபடி எழுதலாம், எழுதினால் பழைய மார்க் போச்சு, வெள்ளிக்கிழமைக்குள் சொல்ல வேண்டும். அதில் ஒரு பிள்ளை என் மகள்தான் என்றேன். பேசியே பிழைக்கிறவரை வாயடைக்க வைத்தது இந்தத் தெருவில் நான் ஒருத்திதான்.

கருணை மார்க் போனாலும் பல் டாக்டர் படிப்பு நிச்சயம், அதை விடாதே என்று உன் அப்பா ஒரே பிடிவாதம். அவருக்கு மிச்சம் இருப்பது ஏழு பல், அந்தக் கவலை அவருக்கு. மறுபடி எழுதிக் கோட்டைவிட்டால் அதுவும் இல்லையே என்று எனக்கும் பயம்தான், ஆனால் அவளிடம் காட்டிக்கொள்ளவில்லை, நம்பு. இரண்டு நாள் அவள் சரியாகச் சாப்பிடவில்லை. வியாழக்கிழமை துணிக்குத் தண்ணீர் தெளித்துக்கொண்டே சொன்னாள், “அவங்க எங்கிட்ட இருந்து எடுத்தது நாப்பது நிமிஷம்மா. நான் மார்க்கா கேட்டேன்? இப்பதான் அந்த நாப்பது நிமிஷத்தைத் தர்றாங்க. போய் வாங்கிட்டு வர்றேன்.” கேலி செய்ய ஒன்று தயாராக வைத்திருந்தேன், அதை விட்டுவிட்டு அடுத்த துணியை எடுத்து விரித்தேன். உன் அப்பாவும் மறுதேர்வுப் படிவத்தில் கையெழுத்துப் போட்டுவிட்டார்.

வருகிற இருபத்து மூன்றாம் தேதி தேர்வு. நீ நல்லபடி இரு, உடம்பைப் பார்த்துக்கொள், எடுத்த காரியம் எல்லாம் உனக்குக் கைகூடட்டும். முந்தின நாள் அவளுக்கு மறக்காமல் போன் செய். படித்தாயா என்று கேட்காதே, நீ சோறு தீய்த்த கதையைச் சொல், சிரிக்கட்டும். போன தடவை அவள் கைக்குட்டை கயிறு மாதிரி முறுக்கிக்கொண்டு வந்தது. இந்தத் தடவைக்குப் புதிதாக ஒன்று தேய்த்து நாலாக மடித்து வைத்திருக்கிறேன். வாசலில் நின்று முகத்தைப் பார்க்க மாட்டேன், கைக்குட்டையைத்தான் பார்ப்பேன். கசங்கி வந்தால் வரட்டும், இங்கே பெட்டி சூடாகத்தான் இருக்கும்.

இப்படிக்கு,
உன்னைப் பெற்ற,
கோர்ட்டு வாசல் ஜோசியக்காரி