குஞ்சுப் புழுவுக்கு ஒரே வீடு

பாகலூர்
12.11.1993

அன்பு மகள் சரசம்மாவுக்கு அப்பா எழுதுவது. இங்கே நானும் உன் அம்மாவும் சௌக்கியம், பட்டுப்புழு வளர்ப்பு சொல்லிக் கொடுக்க வியட்நாம் போயிருக்கும் நீயும் அப்படியே இருக்க வேண்டும். எழுத்து கோணலாக இருக்கிறதே, யாரை வைத்து எழுதினார் என்று யோசிக்காதே. நானேதான் எழுதுகிறேன். எழுதப் படிக்கச் சொல்லித் தரும் அறிவொளி வகுப்பில் என்னை முன் வரிசையில் உட்கார வைத்திருக்கிறார்கள். உன் கடிதத்தையும் நானே படித்தேன், வேறு யாரிடமும் கொடுக்கவில்லை.

அங்கே எல்லாருக்கும் பொதுவாக இருந்த மல்பெரித் தோட்டத்தைச் சர்க்கார் வீட்டுக்கு வீடு பிரித்துக் கொடுத்ததையும், அவரவர் தட்டில் அவரவர் புழு என்று சந்தோஷமாக எடுத்துப் போன குஞ்சுப் புழுவெல்லாம் சூடும் ஈரமும் சரியாக இல்லாமல் செத்துப் போனதையும் படித்தேன். நம் ஊரில் செய்வது போல, இரண்டாவது முறை தோலுரிக்கும் வரை குஞ்சுகளை ஒரே வீட்டில் சேர்த்து வளர்ப்போம், அப்புறம் அவரவர் வீட்டுக்கு எடுத்துப் போங்கள் என்று நீ சொன்னாய். பொதுத் தோட்டத்தில் மணி அடித்தால் வேலைக்குப் போன காலம் இப்போதுதான் ஒழிந்தது, மறுபடியும் பொதுவா என்று அந்தப் பெண்கள் சண்டைக்கு வந்தார்கள், அதிகாரியும் முகம் சுளித்தார் என்று எழுதியிருந்தாய். அவர்கள் பயந்ததில் தப்பில்லை அம்மா. ஆனால் நீ பின்வாங்கவில்லை. நாலைந்து வீடுகள் மட்டும் நம்பி வந்து, அவர்கள் வீட்டுப் பட்டுக்கூடு வெள்ளை வெளேர் என்று வந்தது என்ற இடத்தைத் திரும்பத் திரும்பப் படித்தேன். நான் ஆயுசு முழுவதும் அடுத்தவர் தோட்டத்தில்தான் இலை பறித்தேன். சொந்தத் தோட்டத்தில் முதல் இலை பறித்தபோது எப்படி இருந்தது என்று அவர்களைக் கேட்டு எனக்கு எழுது.

இப்போது மீதி வீட்டுக்காரர்களும் சேர வருகிறார்கள், இன்னும் ஒரு வருஷம் இருக்கச் சொல்கிறார்கள், இருக்கட்டுமா அப்பா என்று கேட்டிருக்கிறாய். தை மாதம் கல்யாணம் என்று பேசி வைத்திருக்கும்போது நான் ஒருவனாக என்ன சொல்வது? ஞாயிற்றுக்கிழமை உன் மாமனாராக வரப்போகும் திம்மப்பனையும் மாப்பிள்ளை முனிராஜையும் வரச் சொல்லி, உன் கடிதத்தை அவர்கள் முன்னால் படித்தேன். உன் அம்மா, கண்ணாலத்துக்கு வர்றாளா இல்லையா, அத மொதல்ல படி என்று அதட்டினாள். நான் எழுத்துக் கூட்டிப் படித்ததில் காபி ஆறிப் போனது. ஏம்ப்பா சென்னப்பா, நீ படிச்சு முடிக்கறதுக்குள்ள புழு கூடு கட்டிரும் போலிருக்கே என்று திம்மப்பன் சிரித்தார். ஆனால் குஞ்சுகள் செத்த இடம் வந்ததும் சிரிப்பு நின்றுவிட்டது. அவரும் புழு வளர்க்கிறவர் அல்லவா. கடைசி வரி முடிந்ததும் துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டார். சம்பந்தம் போச்சு என்றே நினைத்தேன். பிறகு அவர், தோலுரிக்கத் தூங்கற புழுவ எவனாச்சும் நடுவுல கலைப்பானா, அந்த ஊரு பொம்பளைங்க இப்பதான் பழைய தோலக் கழட்டறாங்க, உம்மக அங்கயே இருக்கட்டும், அடுத்த தைக்கு வெச்சுக்கலாம் என்றார். உன் அம்மா மூக்கைச் சிந்திக்கொண்டே மறுபடியும் காபி போட எழுந்து போனாள்.

அதனால் நீ இரு. புகையிலை போட்ட கையோடு யாரையும் தட்டைத் தொட விடாதே. மழையில் நனைந்த இலையைப் போடாதே. நேரத்துக்குச் சாப்பிடு. ஒரு வீட்டில் புழு கெட்டால் மற்ற வீடுகள் இலையாவது கொடுத்து உதவ வேண்டும் என்று இப்போதே பேசி வை. தோட்டம் பிரிந்தாலும் அது இருக்கட்டும்.

அன்றைக்கு முனிராஜும் அவரோடு கிளம்பினான். செருப்பு மாட்டும்போது திரும்பி வந்து, கடிதத்தின் உறையைக் கேட்டு வாங்கி, உன் விலாசத்தைப் பார்த்து எழுதிக்கொண்டு போனான். அவன் கடிதம் வந்தால் முதலில் அவனுக்குப் பதில் போடு. எனக்கு மெதுவாகப் போட்டால் போதும், நான் படிப்பதும் மெதுவாகத்தானே.

உன் கை பட்ட தட்டெல்லாம் கூடு நிறையட்டும்.

உன் அப்பா,
சென்னப்பன்