அரோனியா கறுத்த வாரம்

ஆகஸ்ட் 3
இந்த நோட்டில் எல்லாவற்றையும் உண்மையாக எழுதுவேன். எனக்கு வெட்கம் தருவதையும். இன்று: ஒன்றுமில்லை. அப்பா மரம் அறுக்கும் ஆலைக்குப் போய்விட்டார். நான் எங்கள் தோட்டத்து அரோனியாப் பழச்செடிகளுக்கு நடுவே உட்கார்ந்து நூலகப் புத்தகத்தை முடித்தேன். வேறு யாரும் இல்லாததால் கடைசிப் பக்கத்தைச் செடிகளுக்கு உரக்கப் படித்தேன்.

அம்மா ஜெர்மனிக்குப் போய் எழுபத்தொரு நாள். அங்கே ஒரு முதியவரைக் கவனித்துக்கொள்கிறாள். இங்கே வந்து பழம் பறிக்க ஒரு வாரம் விடுப்பு உண்டு. ஆனால் செப்டம்பரில்.

ஆகஸ்ட் 8
காய்களெல்லாம் கறுத்துவிட்டன. கூடையோடு நின்ற என்னைப் பார்த்துப் பக்கத்து வீட்டு ஸெனோன் மாமா சிரித்தார். “கறுத்ததெல்லாம் பழமா? அப்போ காக்காவையும் பறிச்சுக் கூடையில போடு.” கறுத்த பிறகும் ஒரு மாதம் செடியிலேயே விட வேண்டும். எனக்கும் தெரியும்.

ஆகஸ்ட் 9
பழுத்துவிட்டது என்று அம்மாவிடம் போனில் சொன்னேன். இந்த வருஷம் வெயில் அதிகம் என்றும் சேர்த்துக்கொண்டேன். அவள் நம்பவில்லை.

“ஒண்ணு கடி. மூஞ்சிய கேமரால காட்டு.”

கடித்தேன். அந்தத் துவர்ப்பு — நாக்கில் கம்பளியைச் சுற்றியதுபோல. முகத்தை அசைக்காமல், “இனிக்குதும்மா” என்றேன்.

இதை எழுதாவிட்டால் இந்த நோட்டு எதற்கு?

ஆகஸ்ட் 10
அம்மா விடுப்பை இந்த மாதத்துக்கே மாற்றிவிட்டாள். அந்த வீட்டாரிடம் கெஞ்சியிருப்பாளோ?

ஆகஸ்ட் 16
பேருந்திலிருந்து இறங்கி வந்த அம்மா பையைக்கூட கீழே வைக்கவில்லை. நேரே போய் ஒன்றைப் பறித்து வாயில் போட்டாள். முகம் சுருங்கியது. என்னைப் பார்த்தாள்.

“நீ வரணும்னுதான்மா…”

“எனக்கு இந்த ஒரு வாரந்தான்டி, போக்னா. நிஜமா பழுக்கும்போது நான் இருக்க மாட்டேன்.”

திட்டவில்லை. திட்டியிருக்கலாம்.

ஆகஸ்ட் 17
இரண்டு கிண்ணம் பறித்து ஃப்ரீசரில் வைத்தோம். குளிர் பட்டால் துவர்ப்பு குறையும். “பனி வர்ற வரைக்கும் உன்னால பொறுக்க முடியல. நாமளே பனி காட்டுவோம்” என்றாள் அம்மா.

ஆகஸ்ட் 20
ஃப்ரீசரில் வைத்த பழத்தைச் செர்ரி இலை போட்டுச் சாறாகக் காய்ச்சினோம். அப்பா ஒரு வாய் குடித்துவிட்டு நேரே சர்க்கரையை எடுக்கப் போனார். அம்மாவும் நானும் கண்ணில் நீர் வரும்வரை சிரித்தோம்.

ஆகஸ்ட் 23
போய்விட்டாள்.

செப்டம்பர் 13
அப்பாவும் நானும் காலையிலிருந்து பறித்தோம். மதியம் அவர், “அவ இருந்தா இந்நேரம் மூணு பாட்டு பாடியிருப்பா” என்றார். அவ்வளவுதான். கையெல்லாம் ஊதா.

இரவுச் சாப்பாட்டுக்குப் பிறகு அம்மா போனில் வந்தாள். கடித்துக் காட்டச் சொன்னாள். கடித்தேன். முதலில் இனிப்பு, கடைசியில் மட்டும் கொஞ்சம் துவர்ப்பு. அப்படியே சொன்னேன். என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

“இன்னொண்ணு கடி. எனக்காக.”

கடித்தேன். அதற்குள் அந்த முதியவர் கூப்பிட்டார். அந்த வீட்டில் ஒன்பது மணிக்குப் படுத்துவிட வேண்டும். திரையில் அவள் அறை விளக்கு அணைந்தது. நானும் என்னுடையதை அணைத்துவிட்டேன்; இந்தக் கடைசி வரியை இருட்டில் எழுதுகிறேன்.