சன்னலை அடைத்த போர்டு

2015 டிசம்பர் 30, புதன்

அடுப்பு மறுபடியும் ஒரு பக்கமாகக் கருக்குகிறது. ஆப்ரிகாட் பழக்கூழ் வைத்துச் சுட்ட கொலாச்சி பன் ஒரு தட்டு வீண். கருகின பன்தான் தன் பிள்ளைகளுக்குப் பிடிக்கும் என்று சொல்லி, கடையில் என்னோடு வேலை செய்யும் ஒட்டீலா வீட்டுக்குக் கட்டிக்கொண்டு போனாள். நல்ல சமையல்காரி, அதைவிட நல்ல பொய்க்காரி.

மதியம் எமில் வந்தார். அதே கடைசி மேசை, அதே கசகசா கொலாச்சி. இந்த ஊரில் கசகசா தின்பவர் அவர் ஒருவர்தான். தின்று முடித்ததும் சமையலறைக்குள் போய், நான் சொல்லாமலே குழாயை இறுக்கிவிட்டுப் போனார். கிணற்றுப் பம்ப் பழுது பார்க்கிறவருக்குத் தண்ணீர் சொட்டும் சத்தம் கேட்டால் இருப்புக் கொள்ளாதாம்.

"மிஸ் வெர்னா, ஒரே ஒருத்தருக்காகத் தினம் கசகசா அரைக்கிறீங்களே, இதுக்குப் பேரு வியாபாரமா?" என்றாள் ஒட்டீலா.

பாத்திரத்தைக் கழுவு என்றேன். எனக்கு ஐம்பத்தெட்டு வயது. என் வீட்டுக்காரர் ஹார்லன் போய் ஆறு வருஷம் ஆகிறது. கசகசா அரைத்தால் என்ன, கை தேய்ந்தா போய்விடும்?

2016 ஜனவரி 1, வெள்ளி

இன்று முதல் டெக்சஸில் புதுச் சட்டம். லைசென்ஸ் உள்ளவர்கள் கைத்துப்பாக்கியை இனி சட்டைக்குள் மறைக்க வேண்டாம், இடுப்பில் எல்லோரும் பார்க்க மாட்டிக்கொண்டு திரியலாம். சட்டம் பிறந்த முதல் நாளே காப்பீட்டு ஏஜெண்ட் டுவெய்ன் மாட்டிக்கொண்டு வந்துவிட்டான். புது பெல்ட், புது உறை, உறையில் அவன் பெயரின் முதல் எழுத்து பூ வேலையோடு. என் கடைக் கண்ணாடியில் முன்னும் பின்னும் திரும்பிப் பார்த்துக்கொண்டான்.

"எப்படி இருக்கு, மிஸ் வெர்னா?"

"பேன்ட் கழண்டு விழாம பாத்துக்கோ."

கடை முழுக்கச் சிரித்தது. நானும் சிரித்தேன். ஆனால் காபி ஊற்றும்போது கண் அவன் இடுப்பை விட்டு நகராதது ஏன்?

ஜனவரி 5, செவ்வாய்

உயரமான நாற்காலியிலிருந்து டுவெய்ன் இறங்கினான். துப்பாக்கிப் பிடி கொலாச்சி வைக்கும் கண்ணாடிப் பெட்டியில் இடித்தது. மூலைக்கு மூலை விரிசல். "ஐயோ, காப்பீடு இருக்கா?" என்று அவனே கேட்கிறான்!

எல்லோரும் சிரித்தார்கள். என்னால் முடியவில்லை. அது வெடித்திருந்தால்? வெடிக்காதாம், உறைக்குள் இருக்கும்போது வெடிக்கவே வெடிக்காதாம். இருக்கலாம். எனக்குப் பயமாக இருக்கிறது, அவ்வளவுதான். ஆனால் இந்த ஊரில் இருந்துகொண்டு அதை வாயால் சொல்ல முடியுமா? துப்பாக்கிக்குப் பயந்தவள் என்று சாகும்வரை கேலி செய்வார்கள்.

ஜனவரி 7, வியாழன்

பக்கத்து ஊர் போர்டு கடைக்குப் போனேன். 'துப்பாக்கி வேண்டாம்' என்று ஒரு காகிதத்தில் எழுதி ஒட்டினால் போதும் என்று நினைத்திருந்தேன். செல்லாதாம். என்ன வாசகம் என்பதைச் சட்டமே சொல்கிறது. எழுத்து ஓர் அங்குல உயரம் இருக்கவேண்டும். ஆங்கிலத்தில் ஒரு தடவை, ஸ்பானிஷில் ஒரு தடவை. கொண்டுவந்து காட்டினார்கள் பாருங்கள், கதவு அளவு இருக்கிறது!

அதுவும் ஒன்றில்லை, இரண்டு. பாதி படிப்பதற்குள் தலை சுற்றியது. இரண்டும் ஒரே மாதிரிதான் இருந்தன. எதையும் இரண்டு தடவை சொன்னால்தானே வக்கீல்களுக்குப் பிழைப்பு? என் கடைக்கு இரண்டு சன்னல். ஒன்றில் கால்நடைக் கண்காட்சி சுவரொட்டி இருக்கிறது, அதைக் கிழித்தால் ஊரே சண்டைக்கு வரும். ஆகவே ஒரு போர்டு போதும் என்று ஒன்றை மட்டும் வாங்கி வந்தேன்.

ஜனவரி 8, வெள்ளி

காலையில் மாட்டினேன். கடைக்குள் பாதி வெளிச்சம் போய்விட்டது. போகட்டும், நிம்மதி வருமே என்றிருந்தேன்.

பத்து மணிக்கு டுவெய்ன் வந்தான், இடுப்பில் அதே பெல்ட். நான் போர்டைக் காட்டினேன்.

"படிச்சேன், மிஸ் வெர்னா. ரெண்டு தடவை படிச்சேன். நீங்க படிச்சீங்களா?"

கையைப் பிடித்து வெளியே கூட்டிப்போய் வரி வரியாகப் படித்துக் காட்டினான். *மறைத்து* வைத்திருப்பவர்தான் உள்ளே வரக்கூடாதாம்! வெளியே தெரியும்படி மாட்டியிருப்பவரைத் தடுப்பது அந்த இன்னொரு போர்டாம், நான் வேண்டாம் என்று விட்டுவந்தேனே, அது.

"உங்க கடையில இனிமே என்னை மாதிரி ஆளுங்களுக்கு மட்டும்தான் இடம்" என்று சொல்லிவிட்டு, தொப்பியைத் தூக்கி ஒரு வணக்கம் வேறு. ஒட்டீலா சிரிப்பை அடக்க முடியாமல் குளிர்பெட்டிக்குள் தலையை விட்டுக்கொண்டாள்.

போர்டாம் போர்டு! காசு குடுத்து வாங்கினவளுக்குப் படிச்சுத் தொலைக்கத் தெரியாதா? இப்ப கழட்டினா அந்தப் பய ஊரெல்லாம் சொல்லிச் சிரிப்பான். கழட்டவே மாட்டேன்.

ஜனவரி 11, திங்கள்

நிலைமை முற்றிவிட்டது. தேவாலயப் பாட்டுக் குழுவில் உச்சஸ்தாயி பாடுகிற எட்னா, எழுபது வயது, பூப்போட்ட கவுனுக்கு மேல் பெல்ட் கட்டித் துப்பாக்கி மாட்டிக்கொண்டு வந்தாள்!

"எட்னா, உன்கிட்டயுமா?"

"பத்து வருஷமா கைப்பையிலதான் வச்சிருந்தேன். நீதான் மறைக்கக் கூடாதுன்னு போர்டு போட்டுட்டியே. சட்டத்தை மீற நான் என்ன திருடியா?"

அவள் பின்னாலேயே இன்னும் நாலைந்து பேர். இத்தனை காலம் யார் யார் எதையெல்லாம் மறைத்துக்கொண்டு என் கடையில் பன் தின்றார்கள் என்பது இப்போதுதான் தெரிகிறது. துப்பாக்கியை விரட்டப் போட்ட போர்டு எல்லாவற்றையும் வெளியே வரவழைத்துவிட்டது. நானே சிரித்துவிட்டேன், வேறென்ன செய்ய?

எமில் வரவில்லை. வெள்ளியும் வரவில்லை.

ஜனவரி 14, வியாழன்

கசகசா கொலாச்சி மிச்சம்.

ஜனவரி 18, திங்கள்

இன்றும் மிச்சம். குழாய் சொட்டுகிறது.

எதிரே பெட்ரோல் பங்கில் அவர் வண்டி நின்றது. வண்டியிலேயே உட்கார்ந்து, பிளாஸ்டிக் சுற்றிய ஏதோ ஒரு சாண்ட்விச்சைத் தின்றுகொண்டிருந்தார். கை காட்டினேன். அவரும் காட்டினார். ஆனால் வரவில்லை. நான் என்ன சொன்னேன்? என்ன செய்தேன்?

"கசகசா அரைக்கட்டுமா?" என்று ஒட்டீலா கேட்டாள். வழக்கமாகக் கேலி செய்பவள் இன்று மெதுவாகக் கேட்டாள். அதுதான் தாங்கவில்லை.

ஜனவரி 21, வியாழன்

"எமில் எங்க, ஊர்லதான் இருக்காரா?" என்று எட்னாவிடம் கேட்டேன், ஏதோ போகிறபோக்கில் கேட்பது போல. பதில் சொன்னது டுவெய்ன்.

"அவன் எப்படி வருவான்? இருபது வருஷமா சட்டைக்குள்ள வச்சிருக்கான். உங்க போர்டு விரட்டினது இந்த ஊர்லயே அவன் ஒருத்தனைத்தான்."

கையில் இருந்த தட்டை வைத்துவிட்டேன். எமிலா? அந்தச் சாதுவா? கடைசி மேசையில் உட்கார்ந்து வானிலையைத் தவிர வேறு பேச்சே பேசாத மனிதரா?

கோபம் வரும் என்று பார்த்தேன். வரவில்லை. அவர் மறுபடி வராமலே போய்விடுவாரோ என்ற கவலைதான் வந்தது. இந்த வயதில் இது என்ன கூத்து.

ஜனவரி 22, வெள்ளி

கடையை ஒட்டீலாவிடம் விட்டுவிட்டு, கொலாச்சியைத் துணியில் சுற்றி எடுத்துக்கொண்டு போனேன். மேற்கே ஒரு பண்ணையில் பம்ப் அறைக்குள் இருந்தார், முழங்கை வரை கிரீஸ். பேசினதை அப்படியே எழுதுகிறேன், மறந்துவிடக் கூடாது.

"போர்டு உங்களுக்காகப் போட்டதில்ல, எமில்."

"எனக்குத்தான்னு நெனச்சேன். முழுசாப் படிச்சேனே."

"நீங்க ஒருத்தராவது அதைப் படிக்காம இருந்திருக்கலாம்."

அவருக்குச் சிரிப்பு வந்தது. பம்ப் அறைகளில் வாலை ஆட்டிச் சத்தம் போடும் பாம்பு கிடக்குமாம், அதற்காக வைத்துக்கொண்டதாம், பிறகு சட்டைப் பொத்தான் மாதிரி பழகிவிட்டதாம்.

"வண்டியில வச்சிட்டு வந்திருக்கலாமே?"

"வரலாம்தான். ஆனா நீங்க எப்படியோ கண்டுபிடிச்சிட்டீங்க, நேர்ல சொல்லச் சங்கடப்பட்டு எழுதிப் போட்டுட்டீங்கன்னு நெனச்சேன். வேணாங்கிற எடத்துல எந்த மூஞ்சியோட வந்து உக்கார்றது?"

"அப்ப டுவெய்ன் மாதிரி வெளிய மாட்டிக்கிட்டு வரவேண்டியதுதானே?"

"அதை மாட்டிக்கிட்டு உங்க எதிர்ல உக்காந்து திங்க எனக்கு வெக்கமா இருக்கும், வெர்னா."

அப்போதுதான் சொன்னேன். ஹார்லனிடம்கூடச் சொன்னதில்லை. "எனக்கு அதைப் பாத்தாலே பயம், எமில். பயம்னு சொன்னா சிரிப்பாங்கன்னுதான் போர்டு வாங்கினேன்."

அவர் சிரிக்கவில்லை. கையை பேன்ட்டில் துடைத்துக்கொண்டு, நின்றபடியே ஒரு கொலாச்சியைத் தின்றார். "பயம்னே எழுதிப் போடுங்க. அது எல்லாருக்கும் புரியும்" என்றார்.

ஜனவரி 23, சனி

பெரிய போர்டைக் கழற்றிவிட்டேன். வெயில் உள்ளே வந்ததும் மேசையெல்லாம் எத்தனை தூசி! ஒரு அட்டையில் என் கையெழுத்தில் எழுதி ஒட்டினேன்: 'எனக்குத் துப்பாக்கி என்றால் பயம். வண்டியில் வைத்துவிட்டு வருபவர்களுக்குத்தான் கொலாச்சி. வெர்னா.'

எழுதி ஒட்டின பிறகு உள்ளே போய் நின்றுகொண்டேன். யார் முதலில் சிரிக்கப்போகிறார்கள் என்று.

டுவெய்ன் படித்தான். "இது சட்டப்படி செல்லாது, மிஸ் வெர்னா. எழுத்து ஓர் அங்குலம் இல்ல. ஸ்பானிஷ் இல்ல."

"ஸ்பானிஷ்ல நான் சொல்றேன், வெளிய வா" என்று கரண்டியோடு கிளம்பினாள் ஒட்டீலா.

"கொலாச்சி யாருக்குன்னு சொல்றது என் சட்டம், டுவெய்ன். இன்னிக்கு பீச் பழம் வச்சிருக்கேன், சூடா."

அட்டையை இன்னொரு தடவை படித்தான். "பயம்னு அன்னிக்கே சொல்லியிருக்கலாமே" என்று முணுமுணுத்துக்கொண்டே வண்டிக்குப் போய், இடுப்பு காலியாகத் திரும்பி வந்தான். ஒரு வார்த்தை கேலி இல்லை. எட்னா பெல்ட்டைக் கழற்றும்போது, "அப்பாடா, மூச்சு விட முடியல" என்றாள்.

மதியம் கடைசி மேசையில் எமில். வந்ததும் வராததுமாக எழுந்துபோய்க் குழாயை இறுக்கினார்.

பிப்ரவரி 14, ஞாயிறு

கடை விடுமுறை. எமில் அந்தப் பெரிய போர்டைக் கேட்டு வந்தார். நல்ல பலகை, மழையில் ஊறாது, எதற்காவது ஆகும் என்றார். வண்டியில் ஏற்றியபிறகும் போகவில்லை. சாப்பிட்டுப் போகச் சொன்னேன். இருட்டும்வரை இருந்தார். வானிலையைப் பற்றி ஒரு வார்த்தைகூடப் பேசவில்லை.

அக்டோபர் 9, ஞாயிறு

காலையில் கோழிக்கூட்டுக்குப் போனேன். எமில் கட்டின கூடு, அந்தப் பெரிய போர்டுதான் கூரை. எழுத்து உள்பக்கம் பார்த்திருக்கிறது. மறைத்து வைத்துக்கொண்டு உள்ளே வரக்கூடாது என்று ஓர் அங்குல எழுத்தில், இரண்டு மொழியில், கோழிகளுக்கு. அந்தச் செவலைக் கோழி மட்டும் கேட்பதில்லை. முட்டையை வைக்கோலுக்கு அடியில் மறைத்துவிட்டு, ஒன்றும் தெரியாதது போல மேலே உட்கார்ந்திருக்கிறது. கையை விட்டு எடுத்தேன், சூடாக இருந்தது.

சமையலறைச் சன்னலிலிருந்து எமில் கூப்பிட்டார். "வெர்னா, காபி ஆறுது. கோழியோட சண்டை போட்டது போதும், வா."