எலும்பில்லாத கறி

மாப்ள, உன் கையுறை இப்போது என் மடியில் கிடக்கிறது. வெல்டிங் பட்டறைக்காரர்கள் போடுகிற அந்தத் தடித்த தோல் கையுறைதான். காலையில் உன் வீட்டுக்குப் போயிருந்தேன். மொட்டைமாடிக் கூண்டைப் பிரித்துவிடலாமா அண்ணே என்று உன் மனைவி கேட்டாள். கூண்டுக்கு வெளியே ஆணியில் தொங்கிய இதை மட்டும் எடுத்துக்கொண்டு வந்துவிட்டேன். கறி வாடையும் உன் பீடி வாடையும் இன்னும் போகவில்லை.

மாசி மாதம் கோச்சடையில் ஒரு கல்யாண வீட்டுக்குக் கறி கொடுத்துவிட்டுத் திரும்பும்போதுதான் அந்தக் குஞ்சைப் பார்த்தாய். ரோட்டுக்காக வெட்டிச் சாய்த்த மரத்தடியில் கிடந்திருக்கிறது. சுற்றி நின்றவர்கள் கருடன் குஞ்சு என்று கன்னத்தில் போட்டுக்கொண்டார்களே தவிர, தொடுவதற்கு ஒருத்தருக்கும் கை வரவில்லை. நீ கறிக்கூடையில் தூக்கி வைத்துக்கொண்டு வந்தாய். அன்று சாயங்காலம் டிக்கெட் பையோடு உன் கறிக்கடைப்பக்கம் எட்டிப் பார்த்த என்னை ஒரு பிடி பிடித்தாய்.

"மேல பறந்தா கும்பிடுறீங்க. கீழ விழுந்தா தூக்க ஆளில்லையேடா."

ஓடுகிற பஸ்ஸிலிருந்து செம்பருந்தைக் கண்டாலும் கருடன் என்று கன்னத்தில் போட்டுக்கொள்கிற கண்டக்டர் நான்.

வனத்துறைக்குச் சொன்னோம், வந்து பார்த்தார்கள். கால்நடை டாக்டரம்மா ஒருவர் கவனித்துக்கொள்வதாகவும், பறக்கிறவரை உன் மாடியிலேயே இருக்கட்டும் என்றும் முடிவானது. உனக்குக் கால் தரையில் பாவவில்லை. கடைக்கு மதிப்பான ஆள் வந்தால் நீ செய்கிற மரியாதை ஒன்று உண்டு. எலும்பை ஒதுக்கி, சவ்வை உரித்து, தொடைக்கறியாக எடுத்து, மேலே ஈரலில் ஒரு துண்டு வைத்துக் கட்டித் தருவாய். அந்தக் குஞ்சுக்கும் தினம் தினம் அதே மரியாதைதான். அதுவும் மளமளவென்று வளர்ந்தது. ஆனால் எழுந்து நிற்கவில்லை. கால் இரண்டும் வளைந்துகொண்டே போனது.

டாக்டரம்மா தொட்டுப் பார்த்துவிட்டு, என்ன கொடுக்கிறீர்கள் என்று கேட்டார். நீ பெருமையாகச் சொன்னாய். அந்தம்மா முகம் சுருங்கிவிட்டது. தாய்ப் பறவை மீனை முள்ளோடு கொடுக்கும், எலியை எலும்போடு கொடுக்கும், வெறும் சதையைத் தின்று வளர்ந்தால் குஞ்சுக்கு எலும்பு கெட்டிப்படாது என்றார். இனி நிற்குமா என்பதே சந்தேகம், பறப்பதைப் பிறகு பார்க்கலாம் என்றும் சொன்னார். நீ மாடிப்படியிலேயே உட்கார்ந்துவிட்டாய்.

"ஊருக்கெல்லாம் எலும்போட வெட்டிக் குடுத்தேன் மாப்ள. இதுக்கு மட்டும் எலும்ப எடுத்துட்டேன்."

உன் அத்தா மவுத்தாகி அடக்கம் செய்த அன்றுகூட நீ அப்படி அழுது நான் பார்த்ததில்லை.

அதற்குப் பிறகு எலி என் பொறுப்பானது. மருந்து தின்ற எலியைக் கொடுத்தால் பறவையும் போய்விடும் என்று டாக்டரம்மா எச்சரித்திருந்தார். திருமங்கலத்துக்கு அந்தப்பக்கம் எங்கள் வயல் இருக்கிறதே, என் அப்பா கூலிக்கு நாற்று நட்டு, பிற்பாடு வாங்கிய வயல், அதில் நான் மருந்து வைப்பதை நிறுத்தினேன். பக்கத்து வயல்காரர்கள் என்னைக் கரித்துக் கொட்டினார்கள். பொறி வைத்துப் பிடித்து, தூக்குவாளியில் மூடி, நான் டிக்கெட் கிழிக்கிற பஸ்ஸிலேயே கொண்டுவருவேன். எலிக்கும் டிக்கெட் போட்டியா மாப்ள என்று கேட்பாய். ஆட்டை உரிக்கிற கைக்கு எலியைத் தொட அம்புட்டு அருவருப்பு. மூக்கில் துண்டைக் கட்டிக்கொண்டு நறுக்குவாய். முடித்ததும் குளித்துவிட்டுத்தான் தொழுகைக்குப் போவாய்.

அதைவிட உனக்குச் சிரமம், பேசாமல் இருந்தது. மனுச முகமும் குரலும் பழகிவிட்டால் கண்டவர் மாடியிலும் போய் உட்கார்ந்து கல்லடி படும் என்று சொல்லிவிட்டார்கள். அதனால் கூண்டைச் சுற்றிச் சாக்குப் படுதா. அதில் ஓர் ஓட்டை. அது வழியாகக் கையுறை மட்டும் உள்ளே போகும். நாள் முழுக்க வாய் ஓயாத ஆள், அங்கே மூச்சுகூடச் சத்தமாக விடமாட்டாய். கீழே இறங்கி வந்ததும் விட்டதற்கும் சேர்த்து என்னிடம் பேசுவாய்.

ஆடி கழிந்து கால் கெட்டிப்பட்டது. ஒரு கால் கொஞ்சம் கோணல்தான், ஆனாலும் நின்றது. புரட்டாசியில் கறி வாங்க ஆளில்லாமல் கடை காற்று வாங்கியபோது, நீ மாடியே கதி என்று கிடந்தாய். அது மேல்கம்புக்குத் தாவி இறக்கையை விரித்ததைப் படுதா இடுக்கில் பார்த்துவிட்டு என் தோளைக் கிள்ளினாய். இப்போது உடம்பெல்லாம் பழுப்பாக இருக்கிறது, வளர வளரத் தலை வெளுத்துவிடும், நம்மைப் போலத்தான் என்று சிரித்தாய். கதவைத் திறந்துவிட்ட பிறகும் கொஞ்ச நாள் கைப்பிடிச் சுவரில் இரை வைக்க வேண்டுமாம். தானே தேடித் தின்னப் பழகியதும் வருவதை நிறுத்திவிடுமாம். அது உனக்குக் கஷ்டமாக இருக்காதா என்று கேட்டேன்.

"வராத நாள்தான் நமக்குப் பெருநாள் மாப்ள."

அதே புரட்டாசியில் ஒரு காலை நெஞ்சைப் பிடித்துக்கொண்டு கடைப்படியில் உட்கார்ந்தாயாம். ஆஸ்பத்திரி வாசல்கூடத் தாண்டவில்லை. உன் கபரில் நானும் மண் அள்ளிப் போட்டேன். எனக்கு முதலில் கோபம்தான் வந்தது. இத்தனை பாடுபட்டுவிட்டு அது பறக்கிறதைப் பார்க்காமல் போக உனக்கு என்ன அவசரம்? வீட்டில் எல்லோரும் கீழே இருந்தார்கள். அது பட்டினி கிடக்குமே என்று நினைவு வந்து மாடிக்கு ஏறினேன். உன் கையுறையை மாட்டி ஓட்டைக்குள் நீட்டினேன். என் கைக்குத் தொளதொளவென்று இருந்தது. அது வழக்கம்போல வந்து வாங்கித் தின்றது. அதற்குத் தெரிந்ததெல்லாம் இந்தக் கையுறை மட்டும்தான். நீ போனது அதற்குத் தெரியவில்லை. படுதாவுக்கு இந்தப்பக்கம் நின்று, சத்தம் வராமல் அழுதேன்.

ஐப்பசியில் டாக்டரம்மா முன்னால் கதவைத் திறந்தோம். வெகுநேரம் வெளியே வரவில்லை. பிறகு தத்தித் தத்தி வாசலுக்கு வந்து, தண்ணீர்த் தொட்டி மேல் ஏறி, அங்கிருந்து வைகைப் பக்கம் போனது. கோணலாகத்தான் பறந்தது, ஆனால் பறந்தது. சாயங்காலம் பசியோடு திரும்பி வந்தது. டியூட்டி முடிந்து தினமும் போய்ச் சுவரில் எலி வைத்தேன். போகப் போக வருவது குறைந்தது. இப்போது ஒரு வாரமாக வைத்ததையெல்லாம் காக்கைதான் தின்கிறது. ஆற்றுக்குப் போனேன். கரையோரத் தென்னையில், ஒரு கால் கோணலாக, மீனை மிதித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தது. முள்ளோடு தின்றது.

இதைச் சொல்லத்தான் இன்று காலை உன் வீட்டுக்கு வந்தேன்.

"அவுக இருந்திருந்தா இன்னைக்கு பிரியாணி போடச் சொல்லியிருப்பாக அண்ணே" என்றாள் உன் மனைவி. அப்புறம்தான் கூண்டைப் பற்றிக் கேட்டாள்.

நாளைக்கு வந்து நானே பிரித்துக் கொடுக்கிறேன். வயலில் இனியும் மருந்து வைக்கமாட்டேன், திட்டுகிறவர்கள் திட்டட்டும். கையுறை என்னிடமே இருக்கட்டும்.

இன்றைக்கும் அது வரவில்லை மாப்ள. உனக்குப் பெருநாள் வாழ்த்து.