இரண்டு சொல், ஒரு விளக்கு

அன்புள்ள அப்பாவுக்கு,

வணக்கம். நான் நலம். உங்கள் முட்டிவலியும் அம்மாவின் இருமலும் எப்படி இருக்கின்றன?

நான் விளக்குகளைப் பார்த்துக்கொள்ளும் சட்டசபைச் சுவரில், இந்த நாட்டை உருவாக்கியவர்கள் 'விடுதலை', 'சமத்துவம்' என்று இரண்டு சொற்களைச் செதுக்கி வைத்திருக்கிறார்கள். ஒரு கட்சி ஆட்சிக்கு வந்தால் விளக்கை முதல் சொல்லுக்குத் திருப்புவேன். மற்றது வந்தால் அடுத்ததற்கு. இப்போது இரண்டும் கூட்டணி. எந்தச் சொல்லுக்கு வெளிச்சம் என்று ஒரே இழுபறி. எனக்கு ஏணியில் ஏறி இறங்கியே அலுத்துவிட்டது.

"ரெண்டு விளக்கு போட்டுடலாமே சார்?" என்றேன்.

"அதுக்கும் ரெண்டு பேரும் ஒத்துக்கணுமேப்பா. நடுவுல திருப்பி வை, யாருக்கும் மனத்தாங்கல் வேணாம்" என்றார் மேற்பார்வையாளர்.

வைத்தேன். இரண்டு சொல்லும் இருட்டில் கிடக்க, நடுவே வெறும் சுவர் பளிச்சென்று தெரிந்தது. சபை எழுந்து நின்று கைதட்டியது.

இறங்கும்போது கால் லேசாகப் பிசகியது, பயப்பட ஒன்றுமில்லை. அம்மா தேய்த்துவிடும் தைலம் ஒரு புட்டி அனுப்புங்கள்.

தேர்தலின்போது போட்ட சண்டைக்குப் பிறகு, நீங்களும் அண்ணனும் இன்னும் அம்மா மூலமாகத்தான் பேசிக்கொள்கிறீர்களா? கூப்பிடுகிறார்கள், போக வேண்டும். வீட்டில் எடுத்த படம் ஒன்றும் அனுப்புங்கள். போன தடவை மாதிரி தனித்தனியாக எடுத்தது வேண்டாம், அப்பா.

உங்கள்
சின்னவன்