கம்பி போட்ட சுருதி

ஜனவரி 9

மத்தியானம் மொட்டை மாடியில் படுத்திருந்தேன். தலைக்கு மேலே மின்கம்பிகள் மூன்றும் தம்பாட்டுக்கு முனகிக்கொண்டிருந்தன. கண் சொக்கியது. அரைத் தூக்கத்தில் மாடி அறையே கட்டி முடிந்துவிட்டது. நாலு பக்கமும் ஜன்னல், பாய் விரித்துப் பாட்டு வகுப்பு, பாட்டோடு திரைச்சீலையும் ஆடுகிறது. விழித்தால் மறுபடி கம்பி. அது நகராமல் இங்கே ஒரு செங்கல்கூட வைக்க முடியாது. கீழே முன்னறையில் பாட்டு கற்க வரும் பிள்ளைகள் ஒருவர் மடியில் ஒருவர் உட்காராத குறை.

ஜனவரி 20

மின்சார ஆபீசில் கம்பியை நகர்த்த ஒத்துக்கொண்டார்கள். ஒரே வழிதான் உண்டாம்: மதிலுக்கு அந்தப் பக்கம், தங்கச்சி வீட்டுக் கொல்லை. அவளுடைய மாமரத்தைப் பாதிக்குமேல் வெட்ட வேண்டும். போய்ச் சொன்னேன். “உன் தலைக்கு மேல இருக்கறத என் தலையில கட்டப் பாக்கறியா அக்கா?” என்றாள். காபி ஆறிப்போனது. இரண்டு பேருமே குடிக்கவில்லை.

பிப்ரவரி 2

நீதிமன்றத்தில் தடை வாங்கிவிட்டாள். சொந்த அக்கா மேல் வழக்கு! பாட்டு டீச்சர்னா வாயில்லாப் பூச்சின்னு நெனச்சிட்டாளா? நானும் வக்கீல் வெச்சுக்கறேன். பாத்துடலாம்.

பிப்ரவரி 3

தெருவில் எதிரே வந்தாள். முகத்தைத் திருப்பிக்கொண்டாள். இல்லை — முதலில் திருப்பியது நான்.

மார்ச் 16

விசாரணை. ஒரே பெஞ்சு; இந்த மூலையில் நான், அந்த மூலையில் அவள், நடுவில் என் வக்கீலின் பை. மின்விசிறி சுழன்ற சுழற்சியில் தூக்கம் வந்தது. பஸ்ஸானாலும் ரயிலானாலும் அவள் தோளில் சாய்ந்து தூங்கியே பழகியவள் நான். தலை தானாக அந்தப் பக்கம் சரிந்தது. பை இடித்தது. நிமிர்ந்து உட்கார்ந்தேன்.

ஏப்ரல் 7

இடத்தை அளக்க நீதிமன்றம் ஒரு வக்கீலை அனுப்பியிருந்தது. அளந்து முடிக்கும்வரை லைன்மேன் கம்பியில் மின்சாரத்தை நிறுத்தினார். நான் வகுப்பை நிறுத்தவில்லை. பிள்ளைகள் வாயைத் திறந்தார்கள் — ஆளுக்கொரு பக்கம் போனது பாட்டு. தினம் பாடுகிற அதே பாட்டு. சுருதிப்பெட்டி இல்லாமலே என் பிள்ளைகள் சேர்ந்து பாடுவார்கள் என்று ஊரெல்லாம் பீற்றிக்கொண்டவள் நான். பேயறைந்தவள் மாதிரி உட்கார்ந்திருந்தேன்.

மதிலுக்கு அப்பாலிருந்து தங்கச்சி குரல். “இத்தன நாளா கம்பிதான் சுருதி போட்டுது. தெரியாதா அக்கா உனக்கு?”

வழக்குப் போட்ட பிறகு அவள் என்னோடு பேசிய முதல் வார்த்தை. ஜன்னலை அறைந்து சாத்தினேன். சாத்திவிட்டு, வெளியே கேட்காமல் சிரித்தேன்.

ஜூன் 11

ஜெயித்துவிட்டேன். வக்கீல் இனிப்பு கொடுத்தார். அவள் தனியாகப் படியிறங்கிப் போவதைப் பார்த்துக்கொண்டே தின்றேன். என்ன இனிப்பு என்றுகூடத் தெரியவில்லை.

ஜூன் 14

வெட்ட வேண்டிய கிளைகளில் லைன்மேன் சிவப்புத் துணி கட்டினார். “காயெல்லாம் பறிச்சுக்கறேன், ரெண்டு நாள் பொறுங்க,” என்று அவரிடம் அவள் கெஞ்சியது மாடிவரை கேட்டது. என்னிடம் ஒரு தடவைகூடக் கெஞ்சாதவள். மத்தியானம் கண்ணயர்ந்தபோது, கட்டாத என் அறையின் ஜன்னலிலெல்லாம் சிவப்புத் துணி தொங்கியது.

ஜூன் 15

மின்சார ஆபீஸுக்குப் போய், கம்பி இருக்கிற இடத்திலேயே இருக்கட்டும் என்று எழுதிக் கொடுத்தேன். “கேஸ்ல ஜெயிச்சிட்டு வேணாம்னு சொல்ற முதல் ஆளு நீங்கதான்மா,” என்றார் அதிகாரி. கும்பிட்டுவிட்டுக் கிளம்பினேன். வழியெல்லாம் அழுகை வந்தது, மாடி அறைக்காகத்தான். பொய் சொல்வானேன்.

ஜூன் 17

மரத்தில் துணி இல்லை. சாயங்காலம் மதில்மேல் ஒரு கூடை மாங்காய் இருந்தது. ஆளைக் காணோம்.

ஜூலை 6

கொத்தனார் மதிலை இடித்து வழி விட்டிருக்கிறார். யோசனை அவளுடையதுதான். “மாடியில ரூம் கட்டி, ஏறி எதுக்கு மூச்சு வாங்கணும்? இங்க வந்து பாடுங்க.” இன்று மாமரத்தடியில் வகுப்பு. கம்பியின் முனகல் இங்கேயும் கேட்கிறது. பிள்ளைகள் அழகாகச் சேர்ந்தார்கள். துணி உலர்த்திக்கொண்டே அவளும் உரக்கக் கூடப் பாடினாள். சுருதிக்கும் அவளுக்கும் சம்பந்தமே இல்லை. திருத்தப்போகிறேன் என்று பிள்ளைகள் என் முகத்தையே பார்த்தார்கள்.

கண்ணை மூடிக்கொண்டு தாளம் போட்டேன்.